படத்தில் இருந்தவளும் வீட்டில் இருந்தவளும்: வாசகர் கேள்வி பதில்

இருபதாம் நூற்றாண்டு அமெரிக்காவில் சினிமா, வானொலி, தொலைக்காட்சி, விளம்பரம், பத்திரிகை எல்லாம் சேர்ந்து பெண்களின் வாழ்க்கையை என்ன செய்தன என்று சென்ற இதழில் சுருக்கமாக எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு நிறையப் பேர் எழுதியிருக்கிறீர்கள். உயர்நிலைப் பள்ளியில் வரலாறு கற்பித்த காலத்திலிருந்தே எனக்கு மிகவும் பிடித்த பகுதி இது. அதனால் இந்த இதழில் வேறு கேள்விகளை எடுக்கவில்லை.

டீச்சர், எங்கள் வகுப்பறைச் சுவரில் ஒரு போஸ்டர் இருக்கிறது. தலையில் சிவப்புத் துணி கட்டிய பெண் சட்டைக் கையை மடித்துவிட்டு முஷ்டியை உயர்த்திக் காட்டுகிறாள். 'நம்மால் முடியும்' என்று மேலே எழுதியிருக்கிறது. இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் இந்தப் படத்தைப் பார்த்துத்தான் அமெரிக்கப் பெண்கள் தொழிற்சாலைக்குப் போனார்கள் என்கிறார்கள். உண்மையா?
*தொடக்கக் கல்லூரி மாணவி, தெம்பனிஸ்*

இல்லைம்மா. அந்தக் காலத்து அமெரிக்கப் பெண்களில் பெரும்பாலோர் அந்தப் படத்தைப் பார்த்ததே இல்லை.

அதை வரைந்தவர் ஜே. ஹோவர்ட் மில்லர். வெஸ்டிங்ஹவுஸ் என்ற மின்சாதன நிறுவனம் தன் ஆலைகளுக்காக வரையச் சொன்னது. 1943 பிப்ரவரியில் இரண்டு வாரம் ஆலைக்குள் மாட்டியிருந்தார்கள். அப்புறம் கழற்றிவிட்டு அடுத்த போஸ்டரை மாட்டிவிட்டார்கள். பார்த்தவர்கள் எல்லாரும் ஏற்கெனவே வேலையில் இருந்தவர்கள். ஊக்கமாக வேலை செய்யுங்கள், லீவு போடாதீர்கள், தகராறு வேண்டாம் என்று நிர்வாகம் தன் ஆட்களுக்குச் சொன்ன செய்தி அது. பெண்ணுரிமைக்கும் அதற்கும் அன்றைக்கு ஒரு சம்பந்தமும் கிடையாது. நாற்பது வருடம் மறந்து கிடந்து, 1980களில்தான் அது வெளியே வந்து இன்றைய அர்த்தத்தைப் பெற்றது.

மக்கள் நிஜமாகவே பார்த்த படம் வேறு. 1943 மே 29 தேதியிட்ட 'சாட்டர்டே ஈவ்னிங் போஸ்ட்' இதழின் அட்டையில் நார்மன் ராக்வெல் வரைந்தது. தோளும் புஜமும் பருத்த ஒரு பெண், மடியில் ரிவெட் (உலோகத் தகடுகளை இணைக்கும் ஆணி) அடிக்கும் கருவியை வைத்துக்கொண்டு சாண்ட்விச் சாப்பிடுகிறாள். காலடியில் ஹிட்லர் எழுதிய புத்தகம் மிதிபட்டுக் கிடக்கிறது. சாப்பாட்டு டப்பாவில் 'ரோசி' என்று பெயர். அதே பெயரில் ஒரு பாட்டும் அப்போது வானொலியில் ஓடிக்கொண்டிருந்தது. படத்துக்கு மாதிரியாக உட்கார்ந்தவர் வெர்மான்ட் மாநிலத்தைச் சேர்ந்த 19 வயது தொலைபேசி ஆபரேட்டர். ஒல்லியான பெண். ராக்வெல்தான் அவருக்கு மல்லர் உடம்பு கொடுத்தார்.

சரி, பெண்களை வேலைக்கு இழுத்தது எது? சம்பளம். சலவைக் கடையிலும் உணவகத்திலும் சொற்பக் கூலிக்கு உழைத்துக்கொண்டிருந்த பலர் கப்பல் பட்டறைக்கும் விமான ஆலைக்கும் மாறினார்கள். புதிதாக வந்தவர்களும் உண்டு. 1940-இல் ஏறத்தாழ 1 கோடியே 20 லட்சமாக இருந்த வேலை செய்யும் பெண்களின் எண்ணிக்கை 1945-இல் 1 கோடியே 80 லட்சத்தைத் தாண்டியது.

அதற்காகப் பத்திரிகைகளுக்கு இதில் பங்கே இல்லை என்று எழுதிவிடாதே. போர்க்காலத்தில் அரசாங்கத்தின் செய்தி அலுவலகம் பத்திரிகை ஆசிரியர்களுக்கு ஒரு வழிகாட்டிக் கையேடு அனுப்பிக்கொண்டிருந்தது. இந்த மாதக் கதைகளில் கதாநாயகி ஆலைக்குப் போகட்டும், அட்டையில் வேலை செய்யும் பெண் இருக்கட்டும் என்று. 1943 செப்டம்பரில் ஏகப்பட்ட பத்திரிகைகள் அப்படியே அட்டை போட்டன. ஆனால் அந்தக் கதைகளுக்குள் ஒரு வாக்குறுதி எப்போதும் ஒட்டிக்கொண்டே இருந்தது: இது போர் முடியும் வரைக்கும்தான், அவன் திரும்பி வந்ததும் இவளும் வீட்டுக்குத் திரும்பிவிடுவாள்.

போர் முடியும் தறுவாயில் பெண் தொழிலாளர்களையே கேட்டார்கள். தொழிலாளர் துறையின் மகளிர் பிரிவு பத்து தொழில் வட்டாரங்களில் எடுத்த ஆய்வில் நாலில் மூன்று பேர் வேலையைத் தொடர விரும்புவதாகச் சொன்னார்கள். தொடர விட்டார்களா? கப்பல் பட்டறைகளும் விமான ஆலைகளும் அவர்களைத்தான் முதலில் நிறுத்தின. போர்ட்லண்ட் நகரில் கைசர் கப்பல் பட்டறை வாசலிலேயே 24 மணி நேரக் குழந்தைப் பராமரிப்பு நிலையம் நடந்தது. வேலை முடிந்து பிள்ளையைத் தூக்கப் போகும் தாய், வீட்டுக்குச் சூடான சாப்பாட்டையும் பொட்டலமாக வாங்கிக்கொண்டு போகலாம். எவ்வளவு யோசித்துச் செய்திருக்கிறார்கள் பார்! 1945-இல் அதையும் மூடிவிட்டார்கள். பிள்ளைப் பராமரிப்புக்கு மத்திய அரசு தந்துவந்த பணமும் அடுத்த வருடம் நின்றது.

கட்டுரை எழுதும்போது ஒரு படத்தைப் பார்த்தால் மூன்று கேள்வி கேள்: யார் காசு கொடுத்து வரையச் சொன்னது, எங்கே மாட்டினார்கள், யார் கண்ணில் பட்டது. உன் ஆசிரியர் எதிர்பார்ப்பதைவிட நல்ல கட்டுரை வரும்.

ஆன்ட்டி, என் மாமியார் பழைய அமெரிக்கத் தொடர்களை யூடியூபில் பார்ப்பார். "அந்தக் காலத்தில் வெள்ளைக்காரிகூட வீட்டோடு இருந்து பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டாள். நீதான் கைக்குழந்தையைப் பணிப்பெண்ணிடம் விட்டுவிட்டு ஆபீஸ் ஓடுகிறாய்" என்கிறார். எனக்கு அழுகையாக வருகிறது. என்ன பதில் சொல்வது?
*இரண்டு பிள்ளைகளின் தாய், பொங்கோல்*

அழாதே தங்கச்சி. முதலில் அந்த வெள்ளைக்காரியைப் பற்றிய கணக்கைச் சொல்கிறேன்.

1950-இல் அமெரிக்கப் பெண்களில் 100-க்கு ஏறத்தாழ 34 பேர் வேலைக்குப் போனார்கள். 1960-இல் அது 38-ஐ நெருங்கியது. அதிகமாகச் சேர்ந்தவர்கள் யார் தெரியுமா? கல்யாணமானவர்கள். பத்தாண்டின் தொடக்கத்தில் மனைவிமாரில் ஏறத்தாழ நாலில் ஒருவர், முடிவில் ஏறத்தாழ மூன்றில் ஒருவர். தொலைக்காட்சியில் அம்மா சமையலறையை விட்டு நகராமல் இருந்த அதே பத்து வருடத்தில், தொலைக்காட்சிக்கு வெளியே அம்மாக்கள் பஸ் பிடித்து வேலைக்குப் போய்க்கொண்டிருந்தார்கள்.

உன் மாமியார் பார்ப்பது 'லீவ் இட் டு பீவர்' போன்ற தொடராக இருக்கலாம். 1957-இலிருந்து 1963 வரை ஓடியது. அதில் அம்மாவாக வரும் ஜூன் கிளீவர், வீட்டில் தூசி தட்டும்போதும் கழுத்தில் முத்து மாலையோடுதான் இருப்பார். அமெரிக்க இல்லத்தரசி என்றாலே இன்றைக்கும் அந்த மாலையைத்தான் சொல்கிறார்கள். அது ஏன் வந்தது என்று நடித்த பார்பரா பில்லிங்ஸ்லியே பிற்பாடு சொல்லியிருக்கிறார். அவர் கழுத்தில் ஒரு குழி உண்டு. விளக்கு வெளிச்சத்தில் அதில் நிழல் விழும். அதை மறைக்க மாலை. ஹை ஹீல்ஸும் அப்படித்தான்: பையன்களாக நடித்தவர்கள் வளர வளர, அம்மா அவர்களைவிட உயரமாகத் தெரிய வேண்டியிருந்தது. கேமராவுக்காகச் செய்த ஏற்பாட்டைப் பார்த்து, நம் வீட்டில் மட்டும் ஏன் இப்படி இல்லை என்று எத்தனை பெண்கள் தங்களையே நொந்துகொண்டிருப்பார்கள்!

'ஐ லவ் லூசி' இன்னும் பெரிய விஷயம். 1951-இல் தொடங்கியது. வாராவாரம் லூசிக்கு மேடை ஏற வேண்டும், சம்பாதிக்க வேண்டும் என்று ஆசை. கணவன் வேண்டாம் என்பான். அவள் ஏதாவது தந்திரம் செய்து மாட்டிக்கொண்டு கடைசியில் வீட்டுக்கே திரும்புவாள். நடித்த லூசில் பால் நிஜத்தில் கர்ப்பமானபோது அதையும் கதையில் சேர்த்தார்கள். ஆனால் கர்ப்பம் என்ற சொல்லைத் தொலைக்காட்சியில் சொல்ல நிறுவனம் அனுமதிக்கவில்லை. ஒரு கத்தோலிக்கப் பாதிரியார், ஒரு புராட்டஸ்டன்ட் போதகர், ஒரு யூத குரு மூன்று பேரும் வசனத்தைப் பார்த்து ஆட்சேபம் இல்லை என்ற பிறகே படமெடுத்தார்கள். 1953 ஜனவரி 19 இரவு லூசிக்குக் குழந்தை பிறந்ததை 4 கோடியே 40 லட்சம் பேர் பார்த்தார்கள். மறுநாள் ஐசன்ஹோவர் அதிபராகப் பதவியேற்றதைப் பார்த்தவர்கள் அதைவிடக் குறைவு. லூசில் பாலுக்கு நிஜமாகவே குழந்தை பிறந்ததும் அதே ஜனவரி 19-தான். அவர் வேலையை விட்டுவிட்டாரா? 1962-இல் முன்னாள் கணவரின் பங்கையும் விலைக்கு வாங்கி, பெரிய தயாரிப்பு நிறுவனம் ஒன்றுக்கு அவரே தலைவரானார். மேடை ஏறத் தெரியாத மனைவியாகத் திரையில் நடித்தவர் ஒரு ஸ்டூடியோவையே நடத்தினார். அதை வைத்து யாரும் தொடர் எடுக்கவில்லை.

நான் ஏன் இதை இவ்வளவு அழுத்திச் சொல்கிறேன் என்றால், படங்கள் பெண்களை வேலைக்குப் போகாமல் தடுத்ததைவிட, போனவர்களை வெட்கப்பட வைத்ததுதான் அதிகம். என் அம்மா 1970களில் ஒரு மின்னணுத் தொழிற்சாலையில் இருந்தார். மைக்ரோஸ்கோப்பில் குனிந்து மயிரிழை மாதிரிக் கம்பியைச் சில்லுகளில் பொருத்தும் வேலை. மூன்று ஷிஃப்ட். இரவு ஷிஃப்ட் முடிந்து கம்பெனி பஸ்ஸில் வந்து இறங்கும்போது கண் சிவந்திருக்கும். அந்தச் சீருடையைத் துவைத்தால் சன்னலுக்கு வெளியே மூங்கில் கழியில் காயப்போடவே மாட்டார். குளியலறைக்குள் கொடி கட்டி அதில்தான் காயும். பள்ளிப் படிவத்தில் 'தாயின் தொழில்' என்ற இடத்தில் இல்லத்தரசி என்று எழுதச் சொன்னார். எழுதினேன். எங்கள் கட்டணமும் சீருடையும் அந்தச் சம்பளத்தில்தான் வந்தன. அவர் பார்த்தது அமெரிக்கத் தொடர் மட்டுமா? நம் தமிழ்ப் படங்களிலும் கதாநாயகி குடும்பக் கஷ்டத்துக்காக வேலைக்குப் போவாள், கழுத்தில் தாலி ஏறியதும் வேலை காணாமல் போய்விடும்.

அமெரிக்காவில் இதைப் புத்தகமாக எழுதியவர் பெட்டி ஃபிரீடன். 1957-இல் தன்னோடு கல்லூரியில் படித்தவர்களிடம் கேள்வித்தாள் கொடுத்துப் பதில் வாங்கினார். பெண்கள் பத்திரிகைகளின் பழைய இதழ்களையும் எடுத்து வைத்துப் படித்தார். 1939-இல் வந்த கதைகளில் நாயகிகள் தொழிலும் லட்சியமும் உள்ளவர்கள். பத்து வருடம் கழித்து அதே பத்திரிகைகளில் எல்லாரும் இல்லத்தரசிகள். அந்தப் பத்திரிகைகளுக்கு எழுதிச் சம்பாதித்தவர் அவரும்தான், உள்ளே நடப்பது அவருக்குத் தெரியும். கட்டுரையாகக் கொடுத்தபோது அவர் எழுதியபடி போட ஒரு பெண்கள் பத்திரிகையும் முன்வரவில்லை. 1963-இல் புத்தகமாக வந்தது.

மாமியாரிடம் புள்ளிவிவரம் வாசிக்காதே, வீட்டில் சண்டைதான் வரும். ஒரு நாள் சாவகாசமாக உட்கார்ந்து, "அத்தை, கல்யாணத்துக்கு முன்னால் நீங்கள் என்ன வேலை பார்த்தீர்கள்? அப்புறமும் எதாவது செய்தீர்களா?" என்று கேட்டுப் பார். அவர் வயதில் இருக்கும் சிங்கப்பூர்ப் பெண்களில் தையலோ, இட்லி வியாபாரமோ, பிள்ளை பார்த்துக்கொள்ளும் வேலையோ, தொழிற்சாலையோ ஏதும் செய்யாதவரை நான் அதிகம் பார்த்ததில்லை.

நான் தாதியாக இருக்கிறேன். புகைப்பதை விடச் சொன்னால் சில இளம் பெண்கள், "ஆண்கள் மட்டும் புகைக்கலாமா? இது எங்கள் சுதந்திரம்" என்கிறார்கள். இந்த எண்ணம் எங்கிருந்து வந்தது?
*ஒரு தாதி, காத்திப்*

இது எந்த ஊரில், எந்த நாளில் அரங்கேறியது என்றே சொல்லலாம். 1929, ஈஸ்டர் ஞாயிறு, நியூயார்க்கின் ஐந்தாவது அவென்யூ.

அப்போது அமெரிக்காவில் பெண் தெருவில் சிகரெட் பிடிப்பது கேவலமாகக் கருதப்பட்டது. புகையிலை நிறுவனத்துக்குச் சந்தையில் பாதி கைநழுவிப் போகிறதே என்ற கவலை. எட்வர்ட் பெர்னேஸ் என்ற விளம்பர நிபுணரை அமர்த்தினார்கள். அவர் வசதியான குடும்பத்து இளம் பெண்கள் சிலரை ஈஸ்டர் ஊர்வலத்தில் சிகரெட்டைப் பற்றவைத்துக்கொண்டு நடக்கச் செய்தார். இவை 'சுதந்திரத் தீபங்கள்' என்று பத்திரிகைகளுக்குச் சொல்லி வைத்தார். பெண்களுக்கு நாடு முழுக்க வாக்குரிமை கிடைத்து ஒன்பது வருடம்தான் ஆகியிருந்தது. அந்த உணர்ச்சி இன்னும் சூடாக இருந்தது. அதை எடுத்துச் சிகரெட்டில் சுற்றினார். பின்னால் காசு கொடுத்தது யார் என்று அந்தச் செய்தியைப் படித்தவர்களுக்குத் தெரியாது. அந்தச் சமயத்தில் அதே நிறுவனத்தின் 'லக்கி ஸ்ட்ரைக்' விளம்பரம், இனிப்புக்குப் பதில் சிகரெட்டை எடு என்று பெண்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தது. உடம்பு இளைக்குமாம்.

1968-இல் இன்னொரு நிறுவனம் பெண்களுக்கென்றே 'வர்ஜீனியா ஸ்லிம்ஸ்' கொண்டுவந்தது. அந்தக் காலத்தில் பாட்டி ஒளிந்து புகைத்தாள், நீயோ எவ்வளவு தூரம் முன்னேறி வந்துவிட்டாய் பார் என்பதுதான் விளம்பரத்தின் சாரம். பெண்கள் டென்னிஸ் போட்டிகளுக்கும் அவர்கள்தான் பணம் போட்டார்கள். ஆண்களுக்குச் சமமான பரிசுக்காகப் போராடிய ஆட்டக்காரர்கள் சிகரெட் பெயர் போட்ட மைதானத்தில் ஆடினார்கள். வேறு யாரும் பணம் தர முன்வராத நேரத்தில் அவர்கள் தந்தார்கள். ஆட்டக்காரர்களை நான் குறை சொல்லமாட்டேன். ஆனால் 1987-இல் அமெரிக்கப் பெண்களைக் கொல்லும் புற்றுநோய்களில் நுரையீரல் புற்று மார்பகப் புற்றை முந்திவிட்டது. அதையும் சேர்த்துத்தான் அந்த விளம்பரத்தைப் படிக்க வேண்டும்.

சிங்கப்பூர் 1971-லேயே சிகரெட் விளம்பரத்தைத் தடை செய்துவிட்டது. அந்தப் பெண்களிடம் பெர்னேஸ் கதையைச் சொல்லுங்கள். உடல்நல அறிவுரை காதில் ஏறாதவர்களுக்கும் தங்களை ஒருவன் ஏமாற்றினான் என்றால் கோபம் வரும்.

பேத்தி பார்பி பொம்மை கேட்கிறாள். வாங்கித் தரலாமா? பெண் குழந்தைகளுக்கு அது கெடுதல் என்று மகள் சொல்கிறாள்.
*ஒரு பாட்டி, உட்லண்ட்ஸ்*

வாங்கிக் கொடுங்கள் அக்கா. கூட உட்கார்ந்து நீங்களும் விளையாடுங்கள்.

உங்கள் மகள் சொல்வதிலும் நியாயம் உண்டு. பார்பியை உருவாக்கியவர் ரூத் ஹேண்ட்லர். 1959 மார்ச்சில் நியூயார்க் பொம்மைக் கண்காட்சியில் வந்தது, விலை 3 டாலர். அதுவரை பெண் குழந்தைகளுக்குக் கிடைத்ததில் பெரும்பாலும் கைக்குழந்தைப் பொம்மைதான். அதை வைத்து அம்மா விளையாட்டு மட்டுமே விளையாடலாம். தன் மகள் காகிதப் பொம்மைகளைப் பெரியவர்களாக வைத்து விளையாடியதைப் பார்த்துத்தான் ஹேண்ட்லருக்கு யோசனை வந்தது. 1965-இல் விண்வெளி வீராங்கனை பார்பி வந்தது. ஆம்ஸ்ட்ராங் நிலவில் கால் வைக்க இன்னும் நாலு வருடம் இருந்தது. அதே 1965-இல் தோழி வீட்டில் இரவு தங்கும் பார்பியும் வந்தது. அதோடு எடை பார்க்கும் ஒரு குட்டி இயந்திரம், முள் 110 பவுண்டிலேயே நிற்கும். நம் கணக்கில் 50 கிலோ. உடம்பை இளைக்க வைக்கும் புத்தகம் ஒன்றும் உண்டு. பின் அட்டையில் ஒரே அறிவுரை: சாப்பிடாதே.

அந்த இரண்டு பெட்டிகளும் ஒரே கடையில் பக்கத்தில் பக்கத்தில் இருந்தன. பேத்திக்கு எந்தப் பெட்டி என்பதைப் பார்த்து வாங்குங்கள்.

1960களில் அமெரிக்கப் பெண்கள் உள்ளாடையை எரித்துப் போராடினார்கள் என்கிறார்களே?
*ஓய்வுபெற்ற வாசகர், தோ பாயோ*

எரிக்கவில்லை ஐயா. 1968 செப்டம்பர் 7, அட்லாண்டிக் சிட்டி. மிஸ் அமெரிக்கா அழகிப் போட்டியை எதிர்த்துக் கூடிய பெண்கள் ஒரு குப்பைத் தொட்டியை வைத்து உள்ளாடை, ஹை ஹீல்ஸ், பொய் இமை, பெண்கள் பத்திரிகை எல்லாவற்றையும் அதில் போட்டார்கள். மரப்பலகை நடைபாதை என்பதால் தீ வைக்க அனுமதி கிடையாது. படையில் சேரச் சொல்லும் அட்டைகளை இளைஞர்கள் எரித்துவந்த காலம் அது. பத்திரிகையில் அதோடு ஒப்பிட்டு எழுதியது ஊர் முழுக்க 'எரித்தார்கள்' என்று பரவிவிட்டது. அதே நாளில் அதே ஊரில் கறுப்பினப் பெண்களுக்கான அழகிப் போட்டி ஒன்றும் முதன்முறையாக நடந்தது. மிஸ் அமெரிக்கா மேடையில் அதுவரை ஒரு கறுப்பினப் பெண்கூடப் போட்டியாளராக ஏறியதில்லை.

நீங்கள் எழுதியதில் எல்லாரும் வெள்ளைக்காரிகள். நம்மைப் போல நிறம் உள்ள பெண்கள் அமெரிக்கப் படங்களில் எங்கே?
*பல்கலைக்கழக மாணவி, ஜூரோங்*

சரியான இடத்தில் கேட்டாய். வீட்டோடு இருக்கும் அம்மா என்ற படமே அவர்களுக்குப் பொருந்தாது. கறுப்பினப் பெண்களில் பெரும்பாலோர் அடிமைக் காலத்திலிருந்தே வெளியே உழைத்தவர்கள். வெள்ளைக்கார வீட்டின் சமையலறையில் வேலை செய்தவர்களும் அவர்கள்தான். திரையிலும் அதைத்தான் கொடுத்தார்கள்.

ஹாட்டி மெக்டேனியல் 'கான் வித் த விண்ட்' படத்தில் பணிப்பெண்ணாக நடித்து ஆஸ்கர் வாங்கிய முதல் கறுப்பினக் கலைஞர். 1940 பிப்ரவரி 29. விழா நடந்த ஹோட்டலில் கறுப்பினத்தவருக்கு அனுமதி இல்லை. தயாரிப்பாளர் தனியாகக் கேட்டுக்கொண்டதால் அவரை உள்ளே விட்டார்கள். சக நடிகர்களோடு உட்கார விடாமல், சுவரோரம் ஒரு சின்ன மேசை. அங்கிருந்து எழுந்து நடந்து போய்ப் பரிசு வாங்கினார். அவருடைய பெற்றோர் அடிமைகளாக இருந்தவர்கள். இந்தக் காட்சியை வகுப்பில் சொல்லும்போதெல்லாம் எனக்குத் தொண்டை அடைத்துக்கொள்ளும்.

அன்னா மே வோங் லாஸ் ஏஞ்சலிஸில் பிறந்த சீனப் பெண். சீன விவசாயக் குடும்பத்தைப் பற்றி 1937-இல் வெளிவந்த 'த குட் எர்த்' படத்தை எடுத்தபோது நாயகி வேடம் அவருக்குத்தான் என்று நிறையப் பேர் நினைத்தார்கள். கணவன் வேடத்துக்கு ஒரு வெள்ளைக்காரருக்குச் சீன ஒப்பனை போட்டுவிட்டார்கள். வெவ்வேறு இனத்தவர் கணவன் மனைவியாக நடிப்பதை அன்றைய தணிக்கை விதி அனுமதிக்காது. அதனால் மனைவியும் வெள்ளைக்காரியாகிப் போனாள். அந்த வேடத்தில் நடித்த லூயிஸ் ரைனருக்கு ஆஸ்கர் கிடைத்தது. 2022-இல் அமெரிக்க அரசு 25 காசு நாணயத்தில் அன்னா மே வோங்கின் முகத்தைப் பொறித்தது. அவர் 1961-லேயே இறந்துவிட்டார்.

ஒரு நல்ல கதையும் உண்டு. 1966-இல் தொடங்கிய 'ஸ்டார் டிரெக்' தொடரில் நிஷெல் நிக்கோல்ஸ் விண்கலத்தின் தகவல் தொடர்பு அதிகாரி. கறுப்பினப் பெண், பணிப்பெண் வேடம் இல்லை. முதல் வருடம் முடிந்ததும் நாடகத்துக்குப் போகலாம் என்று விலக நினைத்தார். ஒரு நிகழ்ச்சியில் மார்ட்டின் லூதர் கிங் அவரைச் சந்தித்துப் போகக்கூடாது என்று கேட்டுக்கொண்டார். இருந்தார். 1977-இலிருந்து நாசாவுக்காக ஊர் ஊராகப் போய்ப் பெண்களையும் சிறுபான்மையினரையும் விண்ணப்பிக்கச் சொன்னார். 1992-இல் விண்வெளிக்குப் போன முதல் கறுப்பினப் பெண் மே ஜெமிசன், சிறுமியாக அந்தத் தொடரைப் பார்த்து வளர்ந்தவர். அந்தத் தொடரைத் தயாரித்தது யார் தெரியுமா? மேலே சொன்னேனே, லூசில் பாலின் நிறுவனம்.

ஃபிரீடனின் புத்தகத்தைப் பற்றியும் நீ கேட்கும் இதே கேள்வியைக் கறுப்பினப் பெண் எழுத்தாளர்கள் கேட்டார்கள். வீட்டில் அடைபட்டது வசதியான வெள்ளைக்காரி, அவள் வெளியே வேலைக்குப் போனால் அவள் வீட்டைத் துடைப்பது யார் என்று. பணிப்பெண்களை நம்பி ஓடும் சிங்கப்பூரில் இருந்துகொண்டு நாமும் அதைக் கேட்டுக்கொள்ள வேண்டும்.

பத்திரிகையில் வருவது பிடிக்காவிட்டால் வாசகர்களால் என்ன செய்ய முடியும்? நம் இதழிலேயே மகளிர் பக்கம் என்றால் கோலம், முகப்பூச்சு, சமையல் மட்டும்தான். கோபித்துக்கொள்ளாதீர்கள்.
*ஒரு வாசகி, பிடோக்*

எதற்குக் கோபம்? நல்ல கேள்வி.

அமெரிக்காவில் 'லேடீஸ் ஹோம் ஜர்னல்' என்ற பெண்கள் பத்திரிகை பல லட்சம் பிரதி விற்றது. ஆசிரியர் ஜான் மாக் கார்ட்டர், ஆண். 'இந்தத் திருமணத்தைக் காப்பாற்ற முடியுமா?' என்று ஒரு பகுதி 1950களிலிருந்து வந்துகொண்டிருந்தது. மனைவி தன் தரப்பைச் சொல்வாள், கணவன் தன் தரப்பைச் சொல்வான், கடைசியில் ஆலோசகர் தீர்ப்புச் சொல்வார். பெரும்பாலும் மனைவிதான் கொஞ்சம் விட்டுக்கொடுக்க வேண்டியிருக்கும்.

1970 மார்ச் 18 காலை, நூறு பெண்களுக்கு மேல் நேராக ஆசிரியரின் அறைக்குள் போய் உட்கார்ந்துவிட்டார்கள். பதினொரு மணி நேரம் அவரை விடவில்லை. அவர்களில் பலர் தாங்களே பத்திரிகையாளர்கள் என்பதால் என்ன கேட்பது என்று தெரிந்துதான் வந்திருந்தார்கள். ஆசிரியர் பெண்ணாக இருக்க வேண்டும், ஊழியர்களின் பிள்ளைகளுக்குப் பராமரிப்பு நிலையம் வேண்டும், கறுப்பினப் பெண்களை வேலைக்கு எடுக்க வேண்டும், பெண்களை இழிவுபடுத்தும் விளம்பரங்களை நிறுத்த வேண்டும், அந்தத் திருமணப் பகுதியும் வேண்டாம் என்றார்கள். கிடைத்தது எட்டுப் பக்கம். ஆகஸ்ட் இதழில் அவர்களே எழுதித் தயாரித்த இணைப்பு. வேலை, பிரசவம், பிள்ளை வளர்ப்பு என்று அவர்கள் எழுதியது, அதுவரை இப்படி ஒரு பேச்சையே கேட்டிராத குடும்பத் தலைவிகளின் வீட்டுக்குத் தபாலில் போய்ச் சேர்ந்தது. திருமணப் பகுதி நிற்கவில்லை. மூன்று வருடத்தில் ஆசிரியர் நாற்காலியில் ஒரு பெண் உட்கார்ந்தார்.

நீங்கள் யார் அறைக்குள்ளும் போய் உட்கார வேண்டாம். இங்கே பெண்கள் செய்யும் வேலைகளைப் பற்றி வரிசையாக எழுதலாம்: பேருந்து ஓட்டுபவர், கப்பல் பட்டறைப் பொறியாளர், இரவு ஷிஃப்ட் தாதி, வீடுகளில் வேலை செய்யும் தமிழ்நாட்டுப் பெண்கள். சமையல் பக்கம் இருக்கட்டும், அதை மாதம் ஒரு முறையாவது ஓர் ஆண் எழுதட்டும். உங்கள் கடிதத்தையும் இந்த யோசனைகளையும் ஆசிரியர் குழுவிடம் கொடுத்திருக்கிறேன். வேலைக்குப் போகும் பெண்கள், போய் ஓய்வு பெற்றவர்கள், உங்கள் வேலை என்ன, ஒரு நாள் எப்படிப் போகிறது என்று இரண்டு பக்கத்துக்கு மிகாமல் எழுதி அனுப்புங்கள். பெயர் போட வேண்டாம் என்றால் போடமாட்டோம்.